டெல்லி கணேஷ் எல்லாப் படத்திலும் ஒரே ஐயர் வேடம்தானே செய்தார்? அவரைப் போய் ஏன் எல்லா வேடமும் செய்யக்கூடிய நடிகர் என்கிறார்கள்?

நகைச்சுவைத் துணுக்குகளாக மட்டும் பார்த்துவிட்டுக் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். அப்படிப் பார்த்தால் பூணூலும் துண்டும்தான் மனதில் நிற்கும். ஐயர் வேடம் அவருக்கு நிறைய வந்தது, அதை மறுக்கவில்லை. 400 படத்துக்கு மேல் நடித்தவருக்கு எது நிறைய வரவில்லை?

முதலில் 'பசி' (1979) பாருங்கள். பாலசந்தர் 'பட்டினப்பிரவேச'த்தில் அறிமுகப்படுத்திய இரண்டு மூன்று வருடத்துக்குள் துரை இயக்கிய படம். ஷோபாவுக்கு அப்பாவாக, சென்னைக் குப்பத்து ரிக்‌ஷாக்காரர். அதற்கு முன் 1964 முதல் 1974 வரை விமானப்படையில் இருந்தவர், டெல்லியில் தக்ஷிண பாரத நாடக சபாவில் மேடை ஏறியவர். மேடையில் பழகியவர்கள் சினிமாவுக்கு வந்ததும் முதலில் தடுக்குவது குரலில்தான். கடைசி வரிசைக்குக் கேட்கட்டும் என்று பேசிப் பேசி, க்ளோசப்பிலும் அதே கனத்தில் பேசுவார்கள். இந்தப் படத்தில் அந்த மேடை வாடையே இருக்காது. தமிழக அரசின் சிறப்புப் பரிசும் கிடைத்தது.

இனி உங்கள் 'ஒரே ஐயர்'. 'சிந்து பைரவி'யில் (1985) குடிக்கிற மிருதங்க வித்வான் குருமூர்த்தி. கச்சேரிக்குக் குடித்துவிட்டு வந்ததற்காகக் கதையின் நாயகனான பாடகர் ஜே.கே.பி. அவரை விலக்கிவிட்டு மிருதங்கம் இல்லாமலே பாடுவார். குடிகாரனாக நடிப்பதில் பொதுவான தப்பு, தள்ளாடிக் காட்டுவது. குடித்தவன் குடிக்காத மாதிரி நிற்கத்தான் பாடுபடுவான். அவமானத்தையும் சேர்த்து மறைக்க வேண்டும் என்றால் இன்னும் கஷ்டம்.

'நாயகன்' (1987) ஐயர், வேலு நாயக்கரின் தமிழை இந்தியில் சொல்கிறவர். மொழிபெயர்ப்பாளர் வேடம் பார்ப்பதற்குத்தான் சுலபம். உணர்ச்சியைக் கூட்டிப் பேசினால் கவனம் நாயகனை விட்டு இவர் பக்கம் திரும்பிவிடும். தட்டையாகப் பேசினால் ஒரே வசனத்தை இரண்டு தடவை கேட்கிற அலுப்பு வரும். மிரட்டல் நாயக்கருடையது, பயம் ஐயருடையது என்று பிரித்துக் கொடுத்தால்தான் காட்சி நிற்கும்.

'மைக்கேல் மதன காமராஜன்' (1990) பாலக்காட்டு மணி ஐயரில் தமிழே வேறு. வாக்கியம் முடிகிற இடத்தில் மலையாள இழுப்பு. வட்டார வழக்கில் வேலை செய்வது சொல் இல்லை, ராகம். சொல்லை மட்டும் மனப்பாடம் செய்தால் மிமிக்ரி ஆகிவிடும். சந்தேகம் இருந்தால் திரையை மூடிவிட்டு மூன்று படத்தையும் காதால் கேளுங்கள். இதில் இரண்டு படத்தின் நாயகன் கமல் என்பதால் அவருக்காக வக்காலத்து என்று யாரும் கிளம்ப வேண்டாம், நான் பேசுவது பக்கத்தில் நின்றவரைப் பற்றி.

இடையில் 'அபூர்வ சகோதரர்கள்' (1989) வேறு இருக்கிறது. நாலு வில்லன்களில் ஒருவர், பிரான்சிஸ் அன்பரசு. பூணூலுக்கு அங்கே வேலையே இல்லை.

சீரியல்களை நீங்கள் கணக்கிலேயே எடுக்கவில்லை. அங்கே கதையின் முடிவு நடிகருக்கே தெரியாது, இந்த வாரம் நல்ல அப்பா, அடுத்த மாதம் சொத்துக்கு அலைகிறவர். எடுப்பதும் வரிசையாக இல்லை: ஒரே கூடத்தில் நடக்கிற பல எபிசோடுகளின் காட்சிகளை ஒரே நாளில் எடுத்துவிடுவார்கள். எந்தத் தோளில் துண்டு, கண்ணாடி கையிலா மூக்கிலா, முந்தின காட்சியில் கோபம் எந்த அளவில் நின்றது, எல்லாம் நினைவில் இருக்க வேண்டும். பக்கத்திலிருந்து ஒருவர் வசனத்தை எடுத்துக்கொடுக்க, அதைக் காதில் வாங்கிக்கொண்டே எதிராளியின் முகத்தையும் பார்க்க வேண்டும். பழகாதவர்களின் கண் அடுத்த வரிக்காகக் காத்திருப்பது அப்பட்டமாகத் தெரியும்.

விருது கொடுத்தார்களா என்று அடுத்து கேட்பீர்கள். தேசிய விருதில் துணை நடிகர் பிரிவே 1984-ல்தான் வந்தது. 'பசி' வந்தபோது அப்படி ஒரு வரிசையே கிடையாது.

கேள்விக்குச் சம்பந்தமில்லாமல் ஒன்று. டிவியில் படம் போடும்போது டைட்டிலை வெட்டிவிடுகிறார்கள். ஓடிடியில் கடைசிப் பெயர்ப்பட்டியல் தொடங்கியதுமே அடுத்த படத்தைத் தள்ளுகிறது. காட்சித் துண்டை ஏற்றுகிறவர் நாயகன் பெயரை மட்டும் போடுகிறார். பிறகு எல்லோரும் 'அந்த ஐயரா வருவாரே, அவர் பேரென்ன' என்கிறார்கள்.