பலருக்குத் தெரியாத, ஆனால் தெரிந்திருக்க வேண்டிய விளையாட்டு வீரர் என்று யாரைச் சொல்வீர்கள்?

ஜிம்மி பீட்டர்ஸ். இங்கிலாந்து ரக்பி அணிக்கு ஆடிய முதல் கறுப்பினத்தவர். ரக்பி விதிகளில் பாதி எனக்கு இன்னும் பிடிபடாது. ஆனால் இவர் கதையைப் படித்ததிலிருந்து அது மனதை விட்டுப் போகவில்லை.

1879இல் சால்ஃபோர்டில் பிறந்தார். அப்பா ஜமைக்காக்காரர், சர்க்கஸில் சிங்கம் பழக்குபவர்; சிங்கம் தாக்கித்தான் இறந்தார் என்பார்கள். பையன் சேணம் இல்லாத குதிரைமேல் வித்தை காட்டினான். பதினோரு வயதில் கை முறிந்தது. வித்தை காட்ட முடியாத பிள்ளைக்கு எத்தனை நாள் சோறு போடுவார்கள்? கைவிட்டுவிட்டார்கள். அப்புறம் லண்டனில் அநாதை இல்லங்கள். ஆட்டமெல்லாம் பிடிபட்டது அங்கேதான்.

பெரியவனானதும் தச்சு வேலை. பிரிஸ்டல் கிளப் இவரைச் சேர்த்துக்கொண்டதற்காக கமிட்டி உறுப்பினர் ஒருவர் ராஜினாமா செய்ததாகவும் சொல்கிறார்கள். 1902இல் ப்ளிமத் பக்கம் போனார். டெவன்போர்ட் கப்பல்தளத்தில் வேலை, டெவன் கவுன்டி (மாவட்டம்) அணிக்கு ஆட்டம். ஃப்ளை-ஹாஃப் இவருடைய இடம். ஸ்க்ரம் என்றால் இரு அணியின் முன்வரிசைக்காரர்களும் பின்னிக்கொண்டு பந்துக்காகத் தள்ளுமுள்ளு செய்வது; அதிலிருந்து எடுத்த பந்து நேராக இவர் கைக்கு வரும். ஓடுவதா, உதைப்பதா, பாஸ் கொடுப்பதா என்று அரை நொடியில் முடிவு செய்ய வேண்டும். எதிரே நான்கு பேர் பாய்ந்து வந்துகொண்டிருப்பார்கள்.

1906 மார்ச்சில் எடின்பரோவில், ஸ்காட்லாந்துக்கு எதிராக முதல் சர்வதேச ஆட்டம். கல்கத்தா கோப்பைக்கான ஆட்டம் அது. கல்கத்தாவில் மூடப்பட்ட ஒரு ரக்பி கிளப், கையிருப்பில் இருந்த 270 வெள்ளி ரூபாயை உருக்கிச் செய்த கோப்பை. கைப்பிடிகள் நாகப்பாம்புகள், மூடியில் யானை. இங்கிலாந்து ஜெயித்தது. ஐந்தே நாளில் பாரிஸில் பிரான்ஸுடன் ஆட்டம். அதில் ஒரு ட்ரையும் (எதிரணி எல்லைக்கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைத்து எடுக்கும் புள்ளி) போட்டார்.

அதே ஆண்டு அக்டோபரில் தென்னாப்பிரிக்க அணி டெவனோடு மோத வந்தது. எதிரணியில் இவர் இருப்பதைப் பார்த்ததும் இறங்க மாட்டோம் என்று அடம்பிடித்தது. சமாதானப்படுத்தி இறக்க வேண்டியதாயிற்று. டிசம்பரில் அதே அணியோடு இங்கிலாந்து ஆடியபோது பட்டியலில் பீட்டர்ஸ் பெயர் இல்லை. எனக்கு இதுதான் அதிகம் உறுத்துகிறது. அடம்பிடித்தவர்களாவது வெளிப்படையாகப் பிடித்தார்கள். சொந்த அணி சத்தமில்லாமல் ஒதுக்கிவிட்டது.

அடுத்த ஆண்டு திரும்ப எடுத்தார்கள். மொத்தம் ஐந்து ஆட்டங்கள். கடைசி ஆட்டம் 1908 ஜனவரியில், வேல்ஸுடன், முன்பு கிளப்புக்கு ஆடிய பிரிஸ்டல் ஊரிலேயே. அன்று மூடுபனி எவ்வளவு அடர்த்தி என்றால், பார்க்க வந்தவர்களுக்கு ஆட்டமே சரியாகத் தெரியவில்லை.

1910இல் கப்பல்தளத்தில் நடந்த விபத்தில் மூன்று விரல்கள் போயின. தச்சருக்கும் விரல் வேண்டும், ஃப்ளை-ஹாஃபுக்கும் வேண்டும். மனிதர் அதற்குப் பிறகும் ஆடினார்! 1912இல் காசு வாங்கினார் என்று ஆட்டத்தை நிர்வகிக்கும் அமைப்பான ரக்பி யூனியன் இடைநீக்கம் செய்தது. ஆட்டத்துக்குக் காசு தொடக்கூடாது என்பது அன்றைய விதி. சனிக்கிழமைக் கூலியை இழந்து ஆடும் தொழிலாளிக்கு இதன் அர்த்தம் வேறு; 1895இல் வடக்கு கிளப்புகள் தனியாகப் பிரிந்து போனதும் இதே தகராறில்தான். அப்படிப் பிரிந்தவர்களின் ஆட்டம்தான் ரக்பி லீக். பீட்டர்ஸும் வடக்கே போய், பாரோ கிளப்புக்கும் பிறகு செயின்ட் ஹெலன்ஸ் கிளப்புக்கும் ரக்பி லீக் ஆடினார். 1954இல் ப்ளிமத்தில் இறந்தார்.

இங்கிலாந்து ரக்பி யூனியன் அணியில் அடுத்த கறுப்பினத்தவர் கிறிஸ் ஓட்டி. ஆடிய ஆண்டு 1988.