சட்ட மேடை: டெண்டரே ரத்தான பிறகு வழக்கு என்னவாகும்?

கேள்வி: அரசுக் கட்டடம் ஒன்றின் மின் வேலைக்கு டெண்டர் போட்டேன். முன் அனுபவம் போதாது என்று தொழில்நுட்ப உறையிலேயே (விலையைப் பார்க்கும் முன் தகுதியைப் பார்க்கும் கட்டம்) தள்ளிவிட்டார்கள். உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசின் முடிவை எதிர்க்கும் மனு) போட்டேன். விசாரணை நாளில் அரசு வழக்கறிஞர், 'டெண்டரையே ரத்து செய்துவிட்டோம்' என்றார். நீதிபதி மனுவை முடித்துவைத்துவிட்டார். இது எனக்கு வெற்றியா? (ஒப்பந்ததாரர், அம்பத்தூர்)

பதில்: ஆணையின் கடைசிப் பத்தியைப் பாருங்கள். 'மனு பயனற்றுப் போனதால் முடிக்கப்படுகிறது' என்று மட்டும் இருந்தால், உங்களைத் தள்ளியது சரியா தவறா என்று நீதிமன்றம் எதுவுமே சொல்லவில்லை. அதே நிபந்தனையோடு மறு டெண்டர் வந்தால் இந்த ஆணை உங்களுக்குக் கைகொடுக்காது.

ரத்து என்று அரசுத் தரப்பு சொல்லும் அந்த நிமிடம்தான் முக்கியம். ரத்து ஆணையின் எண்ணும் தேதியும் பதிவாக வேண்டும், மனுவில் எழுப்பிய வாதங்கள் முடிவு செய்யப்படாமல் விடப்படுகின்றன, புதிய டெண்டரில் குறை இருந்தால் மறுபடி வழக்குப் போட உரிமை உண்டு என்ற மூன்றையும் உங்கள் வழக்கறிஞர் அங்கேயே கேட்டு வாங்க வேண்டும். ரத்து ஆணையைக் கண்ணால் பார்க்காமல், வாய்மொழியை நம்பி மனுவை வாபஸ் வாங்கவே கூடாது.

ரத்துக்கான காரணத்தைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். கட்டணம் 10 ரூபாய், பதிலுக்கு 30 நாள். கோப்புக் குறிப்புகளின் நகலையும் சேர்த்துக் கேளுங்கள். உண்மைக் காரணம் பெரும்பாலும் அங்கேதான் இருக்கும். எல்லா டெண்டர்களையும் நிராகரிக்கும் உரிமை அரசுக்கு உண்டு என்பது உச்ச நீதிமன்றத்தின் 1994 டாடா செல்லுலார் தீர்ப்பிலிருந்தே நிலைத்த சட்டம். ஆனால் அந்த உரிமையை மனம்போனபடி பயன்படுத்த முடியாது. கொடுத்த ஒப்பந்தத்தைத் தன்னிச்சையாக ரத்து செய்ததை 2024-ல் சுபோத் குமார் சிங் ராத்தோர் வழக்கில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது.

மறு டெண்டரில் அதே நிபந்தனை இருந்தால் உடனே எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள். கடைசித் தேதிக்கு முன்பே நீதிமன்றம் போங்கள். நிபந்தனையை ஏற்றுக் கலந்துகொண்டு, தோற்றபின் அதே நிபந்தனையைக் குறை சொன்னால் பொதுவாக எடுபடாது. தமிழ்நாட்டு விதிகளில் 2 கோடி ரூபாய் வரையான டெண்டரைப் போடக் குறைந்தபட்ச அவகாசம் 15 நாள், அதற்கு மேல் 30 நாள். காரணத்தைப் பதிவு செய்து இதையும் குறைக்க வழியுண்டு. ஆகவே, அறிவிப்பு வந்த வாரமே வழக்கறிஞரைப் பாருங்கள்.

கேள்வி: என் ரிட் நிலுவையில் இருக்கும்போதே இன்னொருவருக்குப் பணி ஆணை கொடுத்துவிட்டார்கள். வேலையை நிறுத்த இடைக்காலத் தடை கேட்டும் கிடைக்கவில்லை. வேலை பாதிக்கு மேல் முடிந்துவிட்டது. (வாசகர், பெரம்பூர்)

பதில்: பணி ஆணை வந்ததும் உங்கள் மனுவின் கோரிக்கையைத் திருத்தி, அந்த ஆணையையும் எதிர்த்திருக்க வேண்டும், வேலை எடுத்தவரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்திருக்க வேண்டும். இரண்டும் செய்யாத மனு நிலைப்பது கடினம். செய்யவில்லையென்றால் இப்போதே செய்யுங்கள்.

தடை கிடைக்காததில் வியப்பில்லை. உள்கட்டமைப்பு வேலைகளைத் தடையால் நிறுத்தத் தயங்க வேண்டும், இழப்பீடே தக்க பரிகாரம் என்று உச்ச நீதிமன்றத்தின் 2022 என்.ஜி. புராஜெக்ட்ஸ் தீர்ப்பு சொல்கிறது. தடை மறுக்கப்படும் அன்றே, 'பணி ஆணை இந்த மனுவின் முடிவுக்குக் கட்டுப்பட்டது' என்ற ஒரு வரியைக் கேட்டு வாங்குவது நல்லது. அந்த வரி இருந்தால், வேலை நடந்துவிட்டது என்ற ஒரே காரணத்தால் உங்கள் மனுவை ஒதுக்குவது கடினமாகும். வேலை முழுக்க முடிந்துவிட்டால் மிச்சமிருப்பது பெரும்பாலும் பண இழப்பு வழக்குதான். அதற்கு உரிமையியல் நீதிமன்றம் போக வேண்டும்.

இன்னொன்று. டெண்டர் ஏற்பு முடிவை எதிர்த்து, 1998-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டு டெண்டர் வெளிப்படைத்தன்மைச் சட்டத்தின் 11-ஆம் பிரிவில், ஆணை கைக்கு வந்த 10 நாளுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம். இதைத் தவறவிட்டு நேராக ரிட் போட்டால், 'மாற்று வழி இருந்ததே' என்ற கேள்வி முதலில் வரும்.

கேள்வி: டெண்டர் ரத்தாகி மாதங்கள் ஆகியும் முன்வைப்புத் தொகை (டெண்டரோடு பிணையாகக் கட்டும் பணம்) திரும்பி வரவில்லை. (வாசகர், கிண்டி)

பதில்: இணையம் வழிக் கட்டியிருந்தால் பரிவர்த்தனை எண்ணையும் ரத்து அறிவிப்பின் நகலையும் இணைத்து டெண்டர் அழைத்த அதிகாரிக்கு சேர்ந்ததற்கான சான்றுடன் விரைவுத் தபால் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்புங்கள். பணத்துக்குப் பதில் வங்கி உத்தரவாதம் (உங்களுக்காக வங்கி பொறுப்பேற்கும் கடிதம்) கொடுத்திருந்தால் அசலை நேரில் போய்த் திரும்ப வாங்கி, வங்கியில் ஒப்படைத்து ரத்து செய்யுங்கள். அதுவரை உங்கள் கடன் வரம்பு முடங்கியே இருக்கும். வழக்கு இன்னும் நிலுவையில் இருந்தால், முடித்துவைக்கும் ஆணையிலேயே தொகையைத் திருப்பித் தரக் கெடு கேளுங்கள்.