கிரெடிட் இருக்கிறது, மெசேஜ் போகவில்லை!

அமெரிக்காவில் இருக்கும் மகனுக்கு, அவன் நம்பரோடு ஏ.டி.&டி. முகவரியைச் சேர்த்து இமெயில் போட்டால் எஸ்.எம்.எஸ். ஆகப் போகும். இப்போது திரும்பி வருகிறதே? (அம்மாபேட்டை)

அந்த அமெரிக்க செல் கம்பெனி 2025 ஜூன் 17-ல் அந்த வசதியை மூடிவிட்டது. வாட்ஸ்அப்பில் அனுப்புங்கள்.

கொலுசுப் பட்டறை வைத்திருக்கிறேன். இமெயிலிலிருந்து ஒரு லட்சம் எஸ்.எம்.எஸ். அனுப்பலாம், ‘வாழ்நாள் பேக்’ என்று விற்றார்கள். ஒன்றுகூடப் போய்ச் சேரவில்லை. (செவ்வாய்ப்பேட்டை)

விற்றவர் டி.எல்.டி. என்ற மெசேஜ் பதிவு முறை பற்றி வாயே திறக்கவில்லை, இல்லையா? இந்த ஆட்களின் வழக்கமே இதுதான். தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் 2018 விதிகளின்படி, வியாபார மெசேஜ் அனுப்புகிறவர் ஒரு செல் கம்பெனியின் டி.எல்.டி. தளத்தில் பான், ஜி.எஸ்.டி. சான்று கொடுத்துப் பதிய வேண்டும். அனுப்புநர் பெயரான ஹெடர், வாசகமான டெம்ப்ளேட் இரண்டுக்கும் ஒப்புதல் வேண்டும். பெயர், தொகை போன்று மாறும் இடங்களில் வேரியபிள் போடலாம். மற்றபடி ஒரு சொல் மாறினாலும் நெட்வொர்க்கிலேயே விழுந்துவிடும். இமெயில் வழியில் இன்னொரு தொல்லை: அடியில் தானாக ஒட்டிக்கொள்ளும் சிக்னேச்சரும் வாசகத்தோடு சேர்ந்து போய் டெம்ப்ளேட்டைக் கெடுக்கும். அதை நீக்கிவிட்டு, பிளெய்ன் டெக்ஸ்டில், சேவையில் பதிந்த அதே முகவரியிலிருந்து அனுப்புங்கள்.

பணத்துக்கு: முதலில் எழுத்தில் கேளுங்கள், பிறகு தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அதற்கும் மசியாவிட்டால் சேலம் மாவட்ட நுகர்வோர் ஆணையம். கொடுத்த தொகை 5 லட்சம் வரை மனுக் கட்டணம் கிடையாது, 2 வருஷத்துக்குள் போட வேண்டும். ‘வியாபாரத்துக்கு வாங்கியவர் நுகர்வோர் அல்ல’ என்று எதிர்த்தரப்பு கிளம்பும். பிழைப்புக்காக நீங்களே நடத்தும் சுயதொழில் என்பதை மனுவிலேயே எழுதிவிடுங்கள். நான் வாங்கிய ‘வாழ்நாள்’ பேக்கும் விற்றவர் கடையை மூடிய அன்றே முடிந்தது.

தங்கும் விடுதி நடத்துகிறேன். ஒரு தமிழ் மெசேஜுக்கு மூன்று கிரெடிட் பிடிக்கிறார்கள். ஏமாற்றா? (ஏற்காடு)

இல்லை. ஆங்கிலத்தில் ஒரு மெசேஜுக்கு 160 குறிகள், தமிழில் 70. அதைத் தாண்டினால் மெசேஜ் துண்டு துண்டாகப் போகும், துண்டுக்கு 67தான், ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு கிரெடிட். ‘ஏற்காடு’ நம் கண்ணுக்கு நான்கெழுத்து. புள்ளி, கால், கொம்பு எல்லாம் தனித்தனியாக எண்ணப்படுவதால் கணக்கில் ஏழு. ஆங்கில மெசேஜில் ஒரே ஒரு ₹ குறி போட்டாலும் முழு மெசேஜும் 70 கணக்குக்கு மாறிவிடும். கிரெடிட்டைப் பார்த்து வாங்கினீர்களே, இதைக் கேட்டீர்களா?

மெசேஜ் சாஃப்ட்வேர் போட்டுத் தர வந்தவர் என் இமெயில் பாஸ்வேர்டை வாங்கிக்கொண்டு போனார். ஆபத்து உண்டா? (சூரமங்கலம்)

இதை எனக்கு எழுதிய நேரத்தில் பாஸ்வேர்டை மாற்றியிருக்கலாம். மாற்றுங்கள், எல்லாச் சாதனங்களிலிருந்தும் லாக்அவுட் செய்து, இரண்டு கட்டச் சரிபார்ப்பும் போடுங்கள். பணம் போயிருந்தால் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930.