லாந்தோவ்ஸ்கியின் கல் ஆவிகள் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பால் லாந்தோவ்ஸ்கியை ரியோவின் கிறிஸ்து சிலை வழியாகத்தான் தெரியும். அவருடைய 'ஆவிகள்' என்ற போர் நினைவுச் சிற்பத்தின் படத்தை அண்மையில் பார்த்தேன். எட்டு மீட்டர் உயரக் கருங்கல் உருவங்களை ஒருவரே செதுக்க முடியுமா? அவை ஏன் இவ்வளவு முரட்டுத்தனமாக இருக்கின்றன? இதுபோல வேறேதும் செய்திருக்கிறாரா?

கி.

அன்புள்ள கி.,

ஒருவரால் முடியாது. அக்காலத்து பிரெஞ்சு சிற்பியின் கைவேலை பெரும்பாலும் களிமண்ணோடும் பிளாஸ்டர் வார்ப்போடும் முடிந்துவிடும். ரியோவுக்கும் அவர் தலையையும் கைகளையும் முழு அளவில் செய்து அனுப்பினார். கான்கிரீட் எழுப்பியது பிரேசிலில்.

மாதிரியைக் கல்லில் ஏற்றுவது தனித் தொழில். மாதிரியில் மூன்று நிலைப்புள்ளிகள், கல்லிலும் அதே மூன்று. மூக்கு நுனிக்கு அந்த மூன்றிலிருந்தும் உள்ள தூரத்தைக் கவராயத்தால் எடுத்து, விகிதப்படி பெருக்கிக் கல்லில் வைப்பார்கள். மூன்று கவராயமுனைகளும் கூடும் இடம்வரை துளையிட வேண்டும். ஆனால் சில மில்லிமீட்டர் முன்பே நிறுத்திவிடுவார்கள், அது கடைசிச் செதுக்கலுக்கான மிச்சம். ஆழம் மீறினால் அந்தக் குழியை மறைக்கச் சுற்றுப்பரப்பு முழுவதையும் இறக்க வேண்டும். கன்னம் ஒட்டிப்போகும்.

முரட்டுத்தனத்துக்குப் பாதிக் காரணம் கல். சலவைக்கல்லை உளி சாய்த்துச் சீவலாம். கருங்கல்லை நசுக்கித்தான் எடுக்க முடியும். பல் வைத்த சுத்தியலால் ஓங்கி அடித்தால் மேல்தோலுக்குக் கீழே நுண்விரிசல் ஓடும். மழைநீர் அதில் இறங்கிக் குளிர்காலத்தில் உறைந்தால் தோல் பொரிந்து உதிரும். அதனால் கடைசிச் சுற்றில் அடி மென்மையாக விழ வேண்டும். நீட்டிய விரலோ துப்பாக்கி முனையோ முதலில் உடைவது என்பதால், எல்லாம் உடலோடு ஒட்டியே இருக்கும்.

மறுபாதி, அவர் விரும்பியது. ஏழு போர்வீரர்கள், ஒவ்வொருவரும் ஒவ்வொரு படைப்பிரிவு, எல்லோரும் கண்மூடி நிற்கிறார்கள். நடுவே சவத்துணியிலிருந்து எழும் நிர்வாண இளைஞன். இந்த உருவங்களில் நுணுக்கம் கூடியிருந்தால் சீருடைதான் முதலில் கண்ணில் பட்டிருக்கும். முதல் உலகப்போரில், 1918 ஜூலையில் இரண்டாம் மார்ன் போர் நடந்த பிரான்சின் ஷால்மோன் குன்றில், ஊல்ஷி-லெ-ஷாத்தோ அருகே, 1935இல் இது திறக்கப்பட்டது. உலகப்போரின் நான்கு ஆண்டுகளுக்கு நான்கு நிலைகளாகப் படிகள் ஏறுகின்றன. அடிவாரத்தில் கேடயமேந்தி நிற்கும் 'பிரான்ஸ்' என்ற பெண்ணுருவம் எனக்குச் சுமாராகவே படுகிறது. எந்த ஊர்ச் சதுக்கத்திலும் அதை நிறுத்தலாம்.

வேறு என்று கேட்டால், காசாபிளாங்காவில் 1924இல் வைத்த சின்னம், மொராக்கோ விடுதலைக்குப் பிறகு பிரான்சின் சான்லிஸ் நகருக்குப் பெயர்ந்தது. அல்ஜீயர்ஸில் 1928இல் வைத்தது இன்னும் விசித்திரம். இறந்த வீரனைக் கேடயத்தில் கிடத்திக் குதிரைவீரர்கள் சுமக்கும் சிற்பம் அது. 1978இல் அல்ஜீரிய ஓவியர் முகமது இசியாகெம் அதை இடிக்காமல், மேலே கான்கிரீட் உறை போட்டு மூடி, முன்னால் விலங்கை உடைக்கும் இரு கைகளை வைத்தார். 2012இல் உறையில் விரிசல் விழுந்து, உள்ளே இருந்த சிற்பம் கொஞ்சம் வெளியே தெரிந்தது.