பனம்பழத்தில் தோய்த்த சட்டை: கடிதமும் பதிலும்

அன்புள்ள அக்காவுக்கு,

வணக்கம். திருச்சியில் பள்ளி ஆசிரியையாக இருக்கிறேன். கடந்த ஒரு வருடமாக ஈழப்போர் பற்றிய நாவல்களையும் சிறுகதைகளையும் தேடித் தேடி வாசித்தேன். முதல் இரண்டு நாவல்களுக்கு அழுதேன். ஐந்தாவது நாவலில் ஒரு குடும்பமே ஷெல்லடியில் சாகிறது. நான் பக்கத்தைப் புரட்டி வைத்துவிட்டு அடுப்பில் பாலைப் பார்க்கப் போய்விட்டேன். திரும்பி வந்து உட்கார்ந்த பிறகுதான் என்மீதே எனக்கு வெறுப்பு வந்தது. என் மனசு மரத்துவிட்டதா, இல்லை அந்த எழுத்தில் ஏதாவது குறையா?

இன்னொன்றும் கேட்க வேண்டும். சனி, ஞாயிறுகளில் இங்குள்ள இலங்கைத் தமிழர் முகாமில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கப் போவேன். அங்கே ஒரு அம்மா இருக்கிறார், 96-ல் மன்னார்ப் பக்கமிருந்து படகில் வந்தவர். அவரைப் பற்றி எழுத ஆசை. ஆனால் போரைப் பற்றி அவர் பேசுவதே இல்லை. கட்டிலுக்கடியில் எப்போதும் ஏழெட்டு சோப்புக் கட்டி வாங்கி வைத்திருப்பார், பேரப்பிள்ளைகள் அதைச் சொல்லிக் கேலி செய்வார்கள், அவ்வளவுதான் எனக்குத் தெரியும். "அனுபவிக்காதவர்கள் எழுதக்கூடாது" என்கிறார் ஒரு நண்பர். நான் எழுதலாமா?

வாசகி, திருச்சி
(பெயர் வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்.)

அன்பின் தங்கைக்கு,

உங்கள் மனசு மரத்துப்போகவில்லை. பாலைப் பார்க்கப் போனதற்காக வெட்கப்படவும் வேண்டாம். ஷெல் விழுந்த நாட்களில் எங்கள் அம்மாவும் பாலைப் பார்க்கத்தான் பங்கருக்குள் இருந்து எழும்பி ஓடினார். பால் பொங்கி வழிந்துவிட்டால் பின்னேரத் தேத்தண்ணிக்குப் பால் இல்லை, தம்பிக்கு அப்போது இரண்டு வயது. ஐயா பின்னாலிருந்து கத்திக்கொண்டிருந்தார். அம்மா பாலை இறக்கி மூடி வைத்துவிட்டுத்தான் வந்தார்.

83 ஜூலையிலிருந்து 2009 மே வரை ஏறக்குறைய 26 வருடங்கள். அத்தனை வருடமும் மேலே குண்டு விழுந்துகொண்டே இருக்கவில்லை. பிள்ளைகள் பரீட்சை எழுதினார்கள். கல்யாணங்கள் நடந்தன. சீட்டுப் பிடித்தவர் காசோடு ஓடினார், ஊர் கூடிப் பஞ்சாயத்து வைத்தது. இதையெல்லாம் விட்டுவிட்டு, ஆட்கள் செத்த மணித்தியாலங்களை மட்டும் பொறுக்கி அடுக்கினால் வாசகருக்கு உள்ளே வர வழி இருக்காது. குடும்பத்தோடு சாவது எப்படியிருக்கும் என்று நம்மில் யாருக்கும் தெரியாது. இருக்கிற அரிசி எத்தனை நாளைக்கு வரும் என்று கணக்குப் போட எல்லோருக்கும் தெரியும். போர் சாதாரண ஆட்களை முதலில் தொடுவது அந்தக் கணக்கில்தான். போர்க்கதை எழுதுகிறவர் அந்த வீட்டுக் கணக்கைச் சரியாக எழுதிவிட்டால், பிறகு சாவு வரும்போது அதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை. நீங்கள் வாசித்த ஐந்தாவது நாவலில் அந்தக் குடும்பம் அன்றைக்கு என்ன சமைத்தது என்று உங்களுக்கு ஞாபகம் இருக்கிறதா? இருந்திருந்தால் பக்கத்தைப் புரட்டியிருக்க மாட்டீர்கள் என்று நினைக்கிறேன்.

உதாரணத்துக்கு ஒன்று சொல்கிறேன். 1990 ஜூனில் சண்டை மறுபடி தொடங்கியது. யாழ்ப்பாணத்தில் மின்சாரம் நின்றது. மண்ணெண்ணெய், பற்றரி, சீமெந்து, உரம், சவுக்காரம் என்று ஒவ்வொன்றாகத் தடைப்பட்டன, அல்லது கைக்கெட்டாத விலைக்குப் போயின. ஜாம் போத்தலுக்குள் கொஞ்சம் பஞ்சு வைத்து, அது நனையுமளவுக்கு மண்ணெண்ணெய் விட்டு, சைக்கிள் வால்வுக்குள் திரியைக் கோத்து எரிப்போம். அந்த வெளிச்சத்தில்தான் என் வயதுப் பிள்ளைகள் எல்லோரும் படித்தோம். வானொலி கேட்க வேண்டுமென்றால் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவிலிருந்து வயர் இழுத்து, பெடலைக் கையால் சுற்றுவோம். பிபிசி தமிழோசை முடியும் வரை ஐயாவின் அப்பா, எங்கள் அப்பப்பாதான் சுற்றுவார். அவருக்குக் கை உளைந்தால் செய்தி வாசிப்பவரின் குரல் இறங்கும். எத்தனை பேர் செத்தது என்ற எண் வரும் இடத்தில் குரல் இறங்கிவிடும், திரும்பக் கேட்க வழியில்லை. பக்கத்து வீட்டுக்காரர் ஒரு எண் சொல்வார், அப்பப்பா ஒரு எண் சொல்வார்.

சவுக்காரம் இல்லாததால் உடுப்பைப் பனம்பழத்தில் தோய்த்தோம். பழத்தைப் பிசைந்து களியை எடுத்துத் தேய்த்தால் நுரை வரும், ஊத்தை போகும். ஆனால் வாசம் போகாது. வெள்ளைச் சட்டை லேசாக மஞ்சளாகும். 91-ல் எனக்குப் பதின்மூன்று வயது, பள்ளிக்கூடச் சட்டை ஒன்றே ஒன்றுதான். கொடியில் காயப்போட்டிருந்ததை, அந்த வாசத்துக்கு வந்து பக்கத்து வீட்டு மாடு சப்பிவிட்டது. ஒரு கை முழுதாகப் போய்விட்டது. மாட்டுக்காரரோடு சண்டை பிடிக்க முடியாது, தம்பிக்குப் பால் அங்கேதான் வாங்குகிறோம். அம்மா ஒன்றும் பேசாமல் பழைய தலையணை உறையில் துணி வெட்டி, இரவே தையல் மெஷினில் கை வைத்துத் தந்தார். நான் பெடலை மிதித்தேன், அம்மா துணியைப் பிடித்துக்கொண்டார், ஜாம் போத்தலை அக்கா தூக்கிப் பிடித்தாள்.

இதைக் கதையாக எழுதினால் நன்றாக வரும் என்று நினைக்கிறீர்கள்தானே? நானும் நினைத்தேன். மூன்று தடவை எழுதி மூன்று தடவையும் நிறுத்தினேன். நிறுத்தியதற்குக் காரணம் அந்தத் தையல் மெஷின்.

1990 ஒக்டோபர் 30-ஆம் திகதி யாழ்ப்பாணத்து முஸ்லிம்களைப் புலிகள் இரண்டு மணித்தியால அவகாசத்தில் வெளியேறச் சொன்னார்கள். அந்த மாதத்தில் வடக்கு முழுவதிலுமிருந்தும் துரத்தப்பட்டவர்கள் 70,000 பேருக்கு மேல். கையில் கொஞ்சக் காசு, உடுத்த உடுப்பு, அவ்வளவுதான் கொண்டுபோக விட்டார்கள். அவர்கள் வாழ்ந்த சோனகதெரு வெறிச்சோடியது. அவர்கள் விட்டுப்போன சாமான்களை இயக்கம் கடை போட்டு விற்றது. எங்கள் மெஷின் அங்கே வாங்கியது. நல்ல சிங்கர் மெஷின், மலிவான விலை. அதன் லாச்சியில் ஒரு சுண்ணக்கட்டியும், நாலாக மடித்த சின்னக் கடுதாசியும் கிடந்தன. கடுதாசியில் நீளம், தோள், கை என்று ஒரு பிள்ளையின் சட்டை அளவு. தோள் அளவு என்னுடையதோடு ஒத்துப்போனது. அம்மா அதைப் பார்த்தார், திரும்ப மடித்து லாச்சிக்குள்ளேயே வைத்தார். அந்தக் கடுதாசியைப் பற்றி எங்கள் வீட்டில் பிறகு யாரும் பேசவில்லை.

சட்டையை மாடு சப்பியதை மட்டும் எழுதினால் நாங்கள் பாவப்பட்ட ஆட்கள். கேட்கிறவர்கள் கண் கலங்குவார்கள். மெஷினையும் சேர்த்து எழுதினால் நாங்கள் வேறு மாதிரி ஆகிவிடுகிறோம். தங்கைச்சி, உள்நாட்டுப் போரைப் பற்றி எழுதுவதிலுள்ள உண்மையான கஷ்டம் இதுதான். வேறு நாட்டோடு நடக்கிற சண்டையில் எதிரி எல்லைக்கு அந்தப் பக்கம் இருப்பான். இங்கே துரத்தப்பட்டவர் எங்களுக்குச் சட்டை தைத்துத் தந்தவர், அவருடைய மெஷின் எங்கள் வீட்டு விறாந்தையில். எங்களுடைய கதைகள் பலவற்றில் இராணுவம் செய்தது எல்லாம் இருக்கிறது. அது இருக்கத்தான் வேண்டும், நான் ஒரு வரியையும் குறைக்கச் சொல்ல மாட்டேன். ஆனால் மெஷின் இல்லை. வாசித்து முடித்த பிறகு ஏதோ ஒட்டவில்லை என்று உங்களைப் போன்ற வாசகர்களுக்குத் தோன்றுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

எழுதியவர்கள் இல்லாமல் இல்லை. கோவிந்தனின் 'புதியதோர் உலகம்' 1985-லேயே வந்துவிட்டது. தான் இருந்த புளொட் இயக்கத்துக்குள் நடந்த சித்திரவதையையும் கொலைகளையும், அதிலிருந்து வெளியேறியவரே எழுதிய நாவல். அந்த இயக்கத்தின் பயிற்சி முகாம்கள் ஒரத்தநாட்டுப் பக்கம் இருந்தன, உங்கள் ஊரிலிருந்து பக்கம்தான். கிடைத்தால் வாசியுங்கள்.

எங்கள் மெஷினுக்குப் பிறகு என்ன நடந்தது என்று கேட்பீர்கள். 1995 ஒக்டோபர் 30. அதே திகதி, ஐந்து வருடம் கழித்து. இராணுவம் வருகிறது, எல்லோரும் வெளிக்கிடுங்கள் என்று புலிகள் இரவு ஒலிபெருக்கியில் சொன்னார்கள். வலிகாமம் முழுவதும், நாலு லட்சத்துக்கும் மேற்பட்ட சனம், மழைக்குள் நாவற்குழிப் பாலத்தை நோக்கி நகர்ந்தது. குடையைத் தலைகீழாகப் பிடித்து மழைத்தண்ணியைச் சேர்த்துப் பிள்ளைகளுக்குக் குடிக்கக் கொடுத்தார்கள். மெஷினைக் கொண்டுபோக முடியவில்லை. ஆறு மாதம் கழித்துத் திரும்பி வந்தபோது அது வீட்டில் இல்லை.

இந்த இடத்தில் கதையை முடித்துவிட எனக்கு மிகவும் ஆசையாக இருந்தது. எடுத்தது போய்விட்டது, கணக்குச் சரி. ஆனால் அது பொய். நாங்கள் ஆறு மாதத்தில் வந்துவிட்டோம், கிணறும் கூரையும் இருந்தன. அந்தத் தையல்காரரின் சனம் புத்தளத்தில் கிடுகுக் கொட்டிலில் வாழத் தொடங்கி, அதில் பலர் இருபது வருடத்துக்கு மேலும் அங்கேயே இருந்தார்கள். ஒரு மெஷின் போனதும் ஓர் ஊர் போனதும் ஒன்றல்ல. கதை அழகாக முடிகிறது என்பதற்காக இரண்டையும் ஒன்றாக்க எனக்கு மனம் வரவில்லை.

சரி, உங்கள் இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். உங்கள் நண்பர் சொல்வதை ஏற்றுக்கொண்டால் நானும் பேனாவை மூடி வைக்க வேண்டும். 2009-ல் நான் வன்னியில் இல்லை. யாழ்ப்பாணத்தில், மூன்று வேளை சாப்பிட்டுக்கொண்டு இருந்தேன். முள்ளிவாய்க்காலைப் பற்றி நான் எழுதியதெல்லாம் கேட்டு எழுதியது. எழுதலாமா என்பதைவிட எப்படிக் கேட்கிறோம் என்பதுதான் பெரிய விஷயம்.

போர் முடிந்து வன்னிச் சனத்தை அடைத்து வைத்திருந்த மெனிக் பாம் முகாமிலிருந்து என் மச்சாள் ஒருவர் 2010-ல் வெளியே வந்தார். நான் போய் என்ன நடந்தது என்று கேட்டேன். அவர் சொன்னார். திகதி, இடம், எத்தனை மணி, யார் யார். அலுவலகங்களில் திரும்பத் திரும்பச் சொல்லிச் சொல்லி அது ஒரு மனுப்போல ஆகியிருந்தது. எனக்கு ஒரு வரியும் எழுத வரவில்லை. வெளிக்கிடும்போது, அவர் உடுத்த பாவாடை சட்டையோடு நிற்பதைப் பார்த்து, "உங்கட சேலையெல்லாம் எங்க மச்சாள்?" என்று கேட்டுவிட்டேன். அவர் கதவடியிலேயே குந்திவிட்டார்.

கடற்கரை மணலில் பங்கர் வெட்டினால் சரிந்துவிடும். சுற்றிவர மண்மூட்டை அடுக்க வேண்டும், சாக்கு இல்லை. சேலைகளை வெட்டிப் பையாகத் தைத்தார்கள். ஒரு சேலையில் எத்தனை பை வரும், எப்படி வெட்டினால் துணி மிஞ்சும் என்று அவர் கையால் நிலத்தில் அளந்து காட்டினார். "நூல் சேலை கிழிஞ்சுபோகும். பட்டுத்தான் திறம், பாரம் தாங்கும். கூறையை மட்டும் வெட்டேல்லை. மாத்தளன்ல இருந்து முள்ளிவாய்க்காலுக்கு வந்தாப்பிறகுதான் வெட்டினது." இவ்வளவும் சொன்ன பிறகுதான் மகனைப் பற்றிப் பேசினார். அதுவரை இருந்த மனுக்குரல் அப்போது இல்லை. அதை நான் இன்னும் எழுதவில்லை, எழுதுவேனா தெரியாது.

சொற்களைப் பற்றியும் ஒன்று. குண்டுமழை, இரத்த ஆறு என்று எங்கள் ஊரில் யாரும் பேசி நான் கேட்டதில்லை. ஷெல்லடி என்றார்கள், குண்டு போடும் ஜெட் விமானம் வந்தால் கிபிர் வருது என்றார்கள். உருளை உருளையாகக் குண்டைத் தள்ளிவிட்டுப் போகிற பெரிய விமானத்துக்குச் சகடை என்று பெயர் வைத்தார்கள். அந்த அம்மா வாயில் வருகிற சொல்லை அப்படியே எழுதுங்கள், உங்கள் பாடப்புத்தகத் தமிழுக்கு மாற்ற வேண்டாம்.

அப்புறம், 2009 மே மாதத்தோடு கதையை முடிக்க வேண்டும் என்றும் இல்லை. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் அம்மாக்கள் 2017 பெப்ரவரி 20-ல் கிளிநொச்சியில் போய் உட்கார்ந்தார்கள். மரணச் சான்றிதழ் எடுத்தால் காணி அலுவல், வங்கி அலுவல் எல்லாம் முடியும். எடுத்தால் பிள்ளை செத்துவிட்டது என்று தாயே கையெழுத்துப் போட்டதாக ஆகிவிடும். அந்தப் படிவத்தை நிரப்பாமல் அலுமாரிக்குள் வைத்திருக்கிற வீடுகள் எனக்குத் தெரியும். அதுவும் போர்க்கதைதான்.

நீங்கள் எழுத வேண்டிய கதை உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது, அதைத் தாண்டிப் போய்விட்டீர்கள். அடுத்த சனிக்கிழமை அந்த அம்மாவிடம் போரைப் பற்றிக் கேட்காதீர்கள். 91, 92-ல் உடுப்பு எதில் தோய்த்தீர்கள் என்று கேளுங்கள். சோப்பு என்று கேட்காமல் சவுக்காரம் என்று கேளுங்கள். பனம்பழம் என்று சொன்னால், கொடியில் காயப்போட்டதை மாடு சப்பியதா என்றும் கேளுங்கள். நோட்டுப் புத்தகத்தை வெளியே எடுக்க வேண்டாம். பேரப்பிள்ளைகளும் பக்கத்தில் இருந்தால் நல்லது.

எங்கள் அம்மாவுக்கு இப்போது 78 வயது. கடை வாசலில் இருக்கிறது, எந்த நேரமும் திறந்திருக்கும். இந்தப் பதிலை எழுதும்போது எழும்பிப் போய் அவருடைய அலுமாரியைத் திறந்து எண்ணிப் பார்த்தேன். சேலைகளுக்குப் பின்னால், பேப்பரில் சுற்றியபடி, பதினொரு சன்லைட் கட்டி இருக்கிறது.

அன்புடன்,
அக்கா