மறு: ஒசாகா அலுவலகத்தில் 'பாகா' என்று சொல்லிவிட்டேன்

பக்கத்து மேசைக்காரரை விளையாட்டாக 'பாகா' (ஜப்பானியத்தில் 'முட்டாள்') என்றதும் அவர் முகம் சுண்டிவிட்டது, அனிமேயில் (ஜப்பானியக் கார்ட்டூன்களில்) எல்லோரும் சர்வசாதாரணமாகத்தானே சொல்கிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள்.

அனிமேயில் அப்படித் திட்டிக்கொள்பவர்கள் பெரும்பாலும் கூடப் படிக்கும் பிள்ளைகள். 1995இல் வந்த எவாஞ்செலியன் அனிமே தொடரில் அசுகா என்ற பெண் 'அந்தா பாகா?' (நீ என்ன முட்டாளா?) என்று எரிந்து விழுந்ததே ரசிகர்களுக்குச் செல்லத் தொடராகிவிட்டது. அந்த உரிமை அலுவலகத்தில் செல்லாது.

போதாததற்கு, நீங்கள் இருப்பது ஒசாகா. அங்கே அதே பொருளில் 'ஆஹோ' என்றால் சிரித்துக்கொண்டே போய்விடுவார்கள். 'பாகா'தான் சுருக்கென்று தைக்கும். டோக்கியோவில் பெரும்பாலும் நேர்மாறு.

'பாகா'வின் முரட்டு அண்ணன் 'பாகாயாரோ' 1953இல் ஜப்பான் நாடாளுமன்றத்தையே கவிழ்த்தது. பிரதமர் யோஷிதா பட்ஜெட் குழுவில் எதிர்க்கட்சி உறுப்பினரைப் பார்த்து அதை முணுமுணுத்தார். இரண்டே வாரத்தில் கீழவை கலைந்தது. அந்தக் கலைப்புக்கு இன்றுவரை அதுதான் பெயர்! உங்கள் விவகாரம் அவ்வளவு தூரம் போகாது.

நாளைக் காலையில் அவரைத் தனியாகப் பார்த்து, தலை தாழ்த்தி 'சுமிமாசென்' (மன்னியுங்கள்) சொல்லுங்கள். அனிமேயில் பழகிய வார்த்தை என்று ஒரு வரி போதும், நீட்டி விளக்க வேண்டாம். பதிலுக்கு அவர் சிரித்தபடி 'ஆஹோ' என்றால் கோபித்துக்கொள்ளாதீர்கள்.