ஆஃப்ஷோர் கிரேன் என்றால் என்ன? லீபெர் போன்ற நிறுவனங்கள் அதைத் தனியாகத் தயாரிப்பது ஏன்?

கடலில் எண்ணெய்க் கிணற்று மேடையிலோ கப்பலிலோ நின்று பாரம் தூக்குவதுதான் ஆஃப்ஷோர் கிரேன். 1949-இல் ஹான்ஸ் லீபெர் ஜெர்மனியில் நிறுவனத்தைத் தொடங்கியபோது செய்தது, கட்டுமான இடத்துக்கு எளிதாகக் கொண்டுபோகக்கூடிய டவர் கிரேன். இன்று கடல் கிரேன்களை ஆஸ்திரியாவின் நென்சிங்கிலும் ஜெர்மனியின் ராஸ்டாக் துறைமுகத்திலும் தயாரிக்கிறார்கள்.

சரி, தனியாக ஏன்? தரையில் பாரம் சும்மா கிடக்கும். கடலில் சரக்குப் படகு அலையோடு ஏறி இறங்கும். கொக்கியை மாட்டியதும் படகு சட்டெனக் கீழே போனால், இரும்பு வடத்தில் விழும் இழுவிசை பாரத்தின் எடையையே தாண்டிவிடும். கிணற்று வாளியை வெடுக்கென்று இழுத்தால் கயிறு அறுவது போலத்தான். அதனால் ஆபரேட்டர் படகு அலையின் உச்சிக்கு வரும் நேரம் பார்த்துத் தூக்குவார். அலை உயர உயர, தூக்க அனுமதிக்கும் எடையும் குறையும். உப்புக்காற்றில் துரு பிடிக்கும் தொல்லை வேறு.

"100 டன் கிரேன் எங்கேயும் 100 டன் தூக்கும்" என்று பலர் நினைக்கிறார்கள்; அது பாரம் கிரேனுக்குக் கிட்டத்தில் இருந்தால்தான், கையை நீட்ட நீட்ட அந்த அளவு மளமளவென இறங்கிவிடும்.